கனவைத் தேக்கும் கல்: ஒரு கற்பனைக் கனிமத்துக்கு விதிகள் தேடும் இழை

2025 மார்ச் 2, மாலை: இழையைத் தொடங்கிய வாசகரின் கேள்வி

நான் ஒரு நெடுங்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். உலகில் ஒரே ஓர் இடத்தில் கிடைக்கும் அரிய கனிமம் ஒன்று அதன் மையம். அதைத் தலையணைக்கு அடியில் வைத்து உறங்குபவர் பிறருடைய கனவுக்குள் நுழையலாம், அதை மாற்றலாம், விரும்பினால் திருடவும் செய்யலாம். கதை சிங்கப்பூரில் நடக்கிறது. கல் இமயமலையிலிருந்து வருகிறது. மந்திரக் கல் என்று சொல்லிவிட்ட பிறகு அதற்கு வேதியியலும் நிலவியலும் தேவையில்லை என்பது என் கருத்து. மாற்றுக் கருத்து இருந்தால் எழுதுங்கள்.

2025 மார்ச் 2, இரவு

மாற்றுக் கருத்து இருக்கிறது. எதையும் செய்யவல்ல ஒரு கல்லைக் கதைக்குள் வைத்துவிட்டால் அதற்குப் பிறகு அந்தக் கதையில் யாருக்கும் எந்த நெருக்கடியும் வராது. கல்லால் முடியாதது எது, அதைப் பயன்படுத்துபவர் எதை இழக்கிறார் என்ற இரண்டையும் முதலில் எழுதிவைத்துக்கொண்டு, அதன் பிறகே அதன் ஆற்றலை எழுதத் தொடங்குவது நல்லது.

நிலத்தடிப் பணிகளுக்காகத் துளையிட்டு எடுக்கப்படும் பாறை மாதிரிகளை, பெட்டி பெட்டியாக அடுக்கிவைத்து, ஒவ்வொரு மீட்டருக்கும் பாறையின் நிறம், விரிசல், சிதைவு ஆகியவற்றைப் பதிவு செய்யும் வேலையில் நான் நெடுங்காலம் இருந்தவன். அதனால் கல் என்று யாராவது சொன்னவுடன் அது எந்தப் பாறையில் இருந்தது, எப்படி உருவானது, மழையில் என்ன ஆகும் என்று கேட்கத் தோன்றுகிறது. உங்கள் கதையின் வாசகர்களிலும் அப்படிச் சிலர் இருப்பார்கள்.

ஒரு பொருளைக் கனிமம் என்று ஏற்க வேண்டுமானால் அது இயற்கையில் தோன்றியதாக இருக்க வேண்டும். அதன் வேதிச் சேர்மானம் வரையறைக்குள் அடங்க வேண்டும். அதன் அணுக்கள் ஓர் ஒழுங்கில் அடுக்கப்பட்டிருக்க வேண்டும். பன்னாட்டுக் கனிமவியல் சங்கம் இவற்றைச் சரிபார்த்த பிறகே புதிய கனிமத்துக்கு ஒப்புதல் தருகிறது. இதுவரை ஏறத்தாழ 6,000 கனிமங்கள் அந்தப் பட்டியலில் உள்ளன. அவற்றில் கியாவ்துவைட் என்பது மியன்மாரின் மோகோக் பகுதியில் கிடைத்த ஒரே ஒரு படிகமாக மட்டும் அறியப்பட்டிருக்கிறது. அதன் எடை 1.61 கேரட். இன்று அது லாஸ் ஏஞ்சல்சில் உள்ள அருங்காட்சியகம் ஒன்றில் இருக்கிறது. அரிய கனிமம் என்றால் எவ்வளவு அரியது என்பதற்கு இதைவிட நல்ல அளவுகோல் கிடைக்காது. ஒரு கதைமாந்தரின் உள்ளங்கையில் மறைந்துவிடும் அளவுக்குச் சிறிய ஒரு படிகம் போதும். மலை நிறைய இருக்க வேண்டியதில்லை.

2025 மார்ச் 3

ஆற்றலைப் பற்றி இன்று முழுவதும் யோசித்தேன். கனவைக் கொடுக்கும் கல், கனவுக்குள் நுழையவைக்கும் கல் என்பவற்றைவிட, கனவைத் தேக்கிவைக்கும் கல் என்பதே எனக்குச் சரியாகப் படுகிறது, ஏனென்றால் தேக்கிவைப்பது கற்கள் உண்மையிலேயே செய்யும் காரியம்.

குவார்ட்ஸ் என்று நாம் அழைக்கும் படிகக்கல்லின் அணு அடுக்கில் ஆங்காங்கே குறைகள் இருக்கும். ஓர் அணு விடுபட்டிருக்கலாம். சிலிக்கன் இருக்க வேண்டிய இடத்தில் அலுமினியம் புகுந்திருக்கலாம். சுற்றியுள்ள மண்ணிலும் பாறையிலும் இருக்கும் யுரேனியம், தோரியம், பொட்டாசியம் ஆகியவற்றின் கதிர்வீச்சு அந்தப் படிகத்தில் உள்ள எலெக்ட்ரான்களை உதைத்து எழுப்புகிறது, எழுந்தவற்றில் சில தம் பழைய இடத்துக்குத் திரும்பாமல் அந்தக் குறைகளில் சிக்கிக்கொள்கின்றன. படிகம் இருளில் இருக்கும் வரையில் சிக்கியவை அப்படியே தங்கிவிடுகின்றன. ஆண்டுகள் செல்லச் செல்ல எண்ணிக்கை கூடுகிறது. வெளிச்சம் பட்டவுடன் அவை விடுபட்டு, விடுபடும்போது மிக மெல்லிய ஒளியை உமிழ்கின்றன. அந்த ஒளியை அளந்து, ஒரு மணல் துகள் கடைசியாக எப்போது சூரியனைக் கண்டது என்று கணக்கிடும் முறையை 1985-இல் கனடாவில் இருந்த ஆய்வாளர்கள் முன்வைத்தார்கள். ஆற்றுப் படிவுகளுக்கும் புதைந்த குடியிருப்புகளுக்கும் வயது சொல்ல இன்று உலகெங்கும் அந்த முறையைப் பயன்படுத்துகிறார்கள்.

எவ்வளவு காலம் இருளில் இருந்தோம் என்பதை எண்ணிக்கொண்டிருக்கும் ஒரு பொருள் உண்மையில் இருக்கிறது என்பதே எனக்கு வியப்பைத் தருகிறது. உங்கள் மந்திரத்துக்கு இதிலிருந்து ஓர் அடி எடுத்து வைத்தால் போதும்: இருளில் உறங்குபவரின் அருகில் இருக்கும்போது கதிர்வீச்சோடு கனவும் அந்தக் குறைகளில் சிக்கிக்கொள்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

உடனே ஒரு விதியும் பிறக்கிறது. தேங்கியிருப்பதை அளப்பதற்கு வெளிச்சம் பாய்ச்ச வேண்டும், பாய்ச்சினால் தேங்கியது காலியாகிவிடும். ஆகவே, ஒரு கனவைக் கல்லிலிருந்து ஒரே முறைதான் பார்க்க முடியும். பார்த்த பிறகு அது கல்லில் இருக்காது. இறந்துபோன தாயின் கனவு ஒன்று தேங்கியிருக்கும் கல் மூன்று பிள்ளைகளிடம் இருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள். யார் பார்ப்பது என்ற ஒரு கேள்வியே பல அத்தியாயங்களுக்குப் போதும்.

2025 மார்ச் 3, சற்றுப் பின்னர்

நிறத்தைப் பற்றி ஒரு வேண்டுகோள்: நீலமாக வேண்டாம். கனவு என்றால் நிலவு, நிலவு என்றால் நீல மினுக்கம் என்று எல்லோரும் போய்விட்டார்கள். நிலாக்கல்லின் அந்த மினுக்கத்துக்குக் காரணம், கருங்கல்லிலும் காணப்படும் ஃபெல்ட்ஸ்பார் என்ற கனிமத்தின் இரு வகைகள் மிக மெல்லிய அடுக்குகளாகப் பிரிந்து அமைந்திருப்பதும், ஒளி அவற்றில் பட்டுச் சிதறுவதும்தான். இலங்கையின் மீட்டியாகொடையில் தோண்டியெடுக்கும் நல்ல கற்களில் அதைக் காணலாம். அழகான கல்தான். ஆனால் உங்கள் கல் யார் கண்ணிலும் படாமல் நெடுங்காலம் கிடந்திருக்க வேண்டும். அதற்குக் கஞ்சி நிறமோ சாம்பல் நிறமோ பொருந்தும்.

2025 மார்ச் 6

ஈசூனிலிருந்து எழுதிய அக்கா, நம் மரபில் இதற்கு இடம் உண்டா என்று கேட்டிருந்தார். உண்டு, அக்கா, தாராளமாக உண்டு. நிலவொளி பட்டால் நீர் கசியும் சந்திரகாந்தக் கல்லைக் கவிதைகளில் நாம் எல்லோரும் சந்தித்திருக்கிறோம். ஆனால் எனக்கு அதைவிட முக்கியமாகத் தோன்றுவது சிலப்பதிகாரத்தின் ஊர்காண் காதை. மதுரையின் மணிக்கடை வீதியைக் காட்டும் அந்தப் பகுதி, வைரத்துக்கு உரிய குற்றங்களைக் காகபாதம், களங்கம், விந்து, ஏகை என்று பெயர் சொல்லி அடுக்குகிறது. கல்லைப் பார்ப்பது என்றாலே அதன் குற்றத்தைப் பார்ப்பதுதான் என்ற ஒரு கூர்மை அந்த வரிகளில் இருக்கிறது.

குற்றமில்லாத கல் வேண்டும் என்றே மரபு கேட்கிறது. ஆனால் மேலே நான் எழுதியதை வைத்துப் பாருங்கள்: குறையே இல்லாத படிகத்தில் எலெக்ட்ரான் சிக்க இடமில்லை. குறை உள்ள இடத்தில்தான் தேக்கம் நிகழ்கிறது. செவ்வந்திக்கல்லின் ஊதா நிறமும் புகைக்கல்லின் பழுப்பும் அயல் அணுக்களும் கதிர்வீச்சும் சேர்ந்து உண்டாக்கியவை. எனவே கனவுக்கல்லின் ஆற்றல் அதன் குற்றத்தில் இருக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். மணி நோட்டக்காரர் ஒருவர் இது குற்றமுள்ள கல் என்று ஒதுக்கியதை வேறொருவர் மடியில் கட்டிக்கொண்டு போகிறார் என்று தொடங்கினால், மரபும் இயற்பியலும் ஒரே காட்சியில் நேருக்கு நேர் நிற்கும்.

கனவுக்கும் அதே காப்பியம் துணை நிற்கிறது. கண்ணகி தான் கண்ட தீக்கனவைத் தேவந்தியிடம் சொல்வதும், பாண்டிமாதேவி தன் கனவைச் சொல்வதும் கதையின் போக்கோடு பிணைந்தவை. பொன்னவன் இயற்றியதாக வழங்கும் கனா நூலோ நேரக்கணக்கே தருகிறது. இரவின் முதல் சாமத்தில் கண்ட கனவு ஓராண்டிலும், இரண்டாம் சாமத்துக் கனவு எட்டுத் திங்களிலும், மூன்றாம் சாமத்தது மூன்று திங்களிலும், கடைச் சாமத்தது பத்து நாளிலும் பலிக்கும் என்கிறது. என் பாட்டி விடியற்காலைக் கனவை மட்டும் பொருட்படுத்துவார்; மற்றவற்றைக் கேட்கவும் மாட்டார். அது அவருடைய தனிப்பட்ட நம்பிக்கை என்றே நெடுநாள் நினைத்திருந்தேன்.

2025 மார்ச் 9

விடியற்காலைக் கனவு என்றதும் உறக்க ஆய்வைப் பற்றியும் எழுத வேண்டியிருக்கிறது. 1953-இல் சிகாகோவில் யூஜின் அசெரின்ஸ்கியும் நேதனியல் கிளைட்மனும், உறங்குபவரின் கண்கள் இமைக்குள் விரைவாக அசையும் கட்டங்களைப் பதிவு செய்து, அந்த நேரத்தில் எழுப்பப்பட்டவர்கள் பெரும்பாலும் தெளிவான கனவுகளைச் சொன்னதாகக் காட்டினார்கள். ஏறத்தாழ 90 நிமிடங்களுக்கு ஒரு முறை இந்தக் கட்டம் திரும்பி வருகிறது. முன்னிரவில் அது சில நிமிடங்களே நீடிக்கிறது. விடியலை நெருங்க நெருங்க நீளுகிறது. நீளமான, கதைபோல் தொடரும் கனவுகள் பின்னிரவில் மிகுதி என்பதற்கு இது ஒரு காரணம். அந்தக் கட்டத்தில் மூச்சுக்கும் கண்ணுக்கும் உரியவை போன்ற சில தசைகளைத் தவிர மற்றவை தளர்ந்துவிடுவதால் நாம் கனவில் ஓடினாலும் கட்டிலிலேயே கிடக்கிறோம்.

ஆகவே கல் நிறைவது பின்னிரவில் என்று வையுங்கள். இரவுப் பணிக்குப் போகும் பாதுகாவலர் ஒருவரின் கல் மதிய உறக்கத்தில் எப்படி நிறையும் என்பது தனிச் சிக்கல். திரைச்சீலையைத் தாண்டி வரும் வெளிச்சமே அவருக்குப் பகையாகிவிடும். இரவுப் பணியில் இருக்கும் எத்தனையோ பேர் வாழும் இந்த ஊரில் அது நல்ல கதைப்பொருள்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். கனவின் மீது உண்மையிலேயே செல்வாக்குள்ள ஒரு பொருள் கல்லிலிருந்து வருகிறது. அது லித்தியம். 1817-இல் சுவீடனைச் சேர்ந்த யோகான் ஆகஸ்ட் அர்ஃப்வெட்சன் பெட்டலைட் என்ற கனிமத்தை ஆராய்ந்தபோது அதைக் கண்டறிந்தார். ஸ்போடுமீன், லெப்பிடோலைட் ஆகிய கனிமங்களிலும் அது இருக்கிறது. 1949-இல் ஆஸ்திரேலிய மருத்துவர் ஜான் கேட், தீவிர மனவெழுச்சியால் துன்பப்பட்டவர்களுக்கு லித்தியம் உப்பு பயன்படுவதை வெளியிட்டார். இன்றும் அது முதன்மையான மருந்துகளில் ஒன்று. அந்த மருந்து, கண்கள் விரைவாக அசையும் அந்த உறக்கக் கட்டத்தைக் குறைத்து ஆழ்ந்த உறக்கத்தைக் கூட்டுவதாக ஆய்வுகள் காட்டியுள்ளன.

என் தாய்மாமா பல ஆண்டுகள் அந்த மாத்திரையை உட்கொண்டார். அது அவரை எங்களுக்குத் திருப்பித் தந்தது என்றே நான் நம்புகிறேன், அவரும் அப்படித்தான் சொல்வார். ஒரு முறை, தேநீர் ஆறிக்கொண்டிருந்தபோது, முன்பு கண்டதைப்போன்ற கனவுகள் இப்போது வருவதில்லை என்றும், அவற்றில் சிலவற்றை மீண்டும் காண முடிந்தால் நன்றாக இருக்கும் என்றும் சொன்னார். வருத்தமாகச் சொல்லவில்லை. ஊரில் விட்டுவந்த ஒரு வீட்டைப் பற்றிப் பேசும் குரலில் சொன்னார். கனவுக்கல் என்ற எண்ணத்தை நான் இவ்வளவு பொருட்படுத்துவதற்கு அந்தப் பேச்சும் காரணம்.

லித்தியத்தைப் பற்றி உங்கள் கதைக்கு உதவும் செய்தி இதுதான்: மருந்தாகும் அளவும் நஞ்சாகும் அளவும் மிக அருகருகே இருக்கின்றன. இரத்தத்தில் ஒரு லிட்டருக்கு 0.6 முதல் 1.2 மில்லிமோல் வரை பொதுவாகப் பயன்தரும் எல்லை; 1.5-ஐத் தாண்டினால் நச்சுத்தன்மையின் அறிகுறிகள் தோன்றலாம். அதனால்தான் அந்த மாத்திரை உட்கொள்பவர்களுக்கு இரத்தப் பரிசோதனை தவறாமல் நடக்கிறது. கனவின் மீது ஆளுகை உள்ள கல்லுக்கும் அப்படியொரு குறுகிய எல்லை இருக்கட்டும்.

2025 மார்ச் 9, இரவு

தனிச்செய்தியில் ஒருவர் கேட்டதற்கு இங்கேயே பதில்: மருந்து உட்கொள்பவர்கள் கனவுக்காக அதை நிறுத்தக்கூடாது. மருத்துவரிடம் பேசுங்கள். கதை கதையாகவே இருக்கட்டும்.

2025 மார்ச் 15

குவார்ட்ஸை விட்டுவிட்டு ஃபெல்ட்ஸ்பாருக்குப் போகலாம் என்று தோன்றுகிறது. காரணங்களைச் சொல்கிறேன், எதிர்ப்பு இருந்தால் எழுதுங்கள்.

முதல் காரணம், மறதி. ஃபெல்ட்ஸ்பாரில் சிக்கிய எலெக்ட்ரான்களில் ஒரு பகுதி, இருளிலேயே, சூடோ வெளிச்சமோ படாமலேயே, மெல்ல மெல்லக் கசிந்துவிடுகிறது. 1973-இல் ஆன் விண்டில் என்ற ஆய்வாளர் இதை வெளியிட்டார். வயதுக் கணிப்பு செய்பவர்களுக்கு இது தொல்லை, ஏனென்றால் கசிந்ததைக் கணக்கில் சேர்க்காவிட்டால் பொருள் உண்மையைவிட இளமையாகத் தோன்றும். ஆனால் நமக்கு இது வரம். காலையில் முழுதாக நினைவிருந்த கனவு பல் துலக்கி முடிப்பதற்குள் பாதி கரைந்துவிடுவதை அறியாதவர் யார்? எத்தனை காலமானாலும் அப்படியே காக்கும் குவார்ட்ஸைவிட, தேக்கியும் கசியும் ஃபெல்ட்ஸ்பாரே கனவுக்கு நெருக்கமான கல். மூன்று பிள்ளைகளின் கதைக்கும் இது இறுக்கம் தரும். பார்க்காமல் வைத்திருந்தாலும் தாயின் கனவு குறைந்துகொண்டே போகும். பார்த்தாலோ ஒரேயடியாகப் போய்விடும்.

இரண்டாவது காரணம், பொட்டாசியம். நம் கருங்கல்லில் உள்ள ஃபெல்ட்ஸ்பாரின் ஒரு வகையில் பொட்டாசியம் நிறைய இருக்கிறது. அதில் மிகச் சிறிய ஒரு பங்கு, சிதைந்து கதிர்வீச்சை வெளியிடும் பொட்டாசியம்-40; அதன் அரை ஆயுள், அதாவது அதில் பாதி சிதைய ஆகும் காலம், 125 கோடி ஆண்டு. அதாவது அந்தக் கல் வெளியிலிருந்து வரும் கதிர்வீச்சை மட்டும் நம்பி இல்லை, தன்னைத் தானே உள்ளிருந்து நிரப்பிக்கொள்கிறது. மனித உடலிலும் அதே பொட்டாசியம்-40 இருக்கிறது. 70 கிலோ எடையுள்ள ஒருவரின் உடலில் நொடிக்கு 4,000-க்கும் மேற்பட்ட பொட்டாசியம்-40 அணுக்கள் சிதைந்துகொண்டிருக்கின்றன. இது இயல்பானது, பிறந்தது முதல் இருப்பது. ஆனால் எண்ணிப் பாருங்கள்: தலையணைக்கு அடியில் இருக்கும் கல்லும் அதன் மேல் உறங்கும் உடலும் ஒரே தனிமத்தின் சிதைவைத் தமக்குள் நடத்திக்கொண்டிருக்கின்றன. கல்லுக்கும் உறங்குபவருக்கும் இடையில் ஒரு பாலம் தேவை என்று நீங்கள் நினைத்தால், மந்திரம் தொடங்க வேண்டிய இடம் அதுவே.

2025 மார்ச் 16

இப்போது இமயமலை. அங்கே போக வேண்டாம் என்று வலியுறுத்திக் கேட்கிறேன். சிங்கப்பூரில் நடக்கும் கதைக்குச் சிங்கப்பூரிலேயே கல் இருக்கிறது. தீவின் நடுப்பகுதியும் வடக்கும் புக்கிட் தீமா கருங்கல்லின் மீது அமர்ந்திருக்கின்றன. 20 கோடி ஆண்டுகளுக்கும் மேலாக முன்பு, பூமியின் ஆழத்தில் உருகிய பாறைக்குழம்பு மெல்லக் குளிர்ந்து உருவான கல் அது. புலாவ் உபின் தீவும் அத்தகைய கருங்கல்லே. சாங்கியில் படகேறினால் சிறிது நேரத்தில் சென்று சேரக்கூடிய அந்தத் தீவில் இன்று பச்சை நீர் நிறைந்து கிடக்கும் குளங்கள் எல்லாம் ஒரு காலத்தில் கல்லுடைத்த குழிகள். பெட்ரா பிராங்கா என்ற பாறைத் தீவில் 1851-இல் ஒளியேற்றப்பட்ட ஹார்ஸ்பர்க் கலங்கரை விளக்கத்துக்கும், 1924-இல் திறக்கப்பட்ட ஜொகூர் கடற்பாலத்துக்கும் உபின் கல் போயிருக்கிறது. கடைசியாக இயங்கிய கல்லுடைப்பு 1999-இல் நின்றது.

இந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்ட கைதிகள் 1825 முதல் 1873 வரை இந்த ஊரின் சாலைகளையும் கட்டடங்களையும் எழுப்பினார்கள். செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயமும் இஸ்தானாவும் அவர்கள் உழைப்பில் எழுந்தவை. அவர்களில் தமிழ் பேசியவர்களும் இருந்தார்கள். பின்னாளில் உபினில் கல்லுடைத்தவர்களில் சீனரும் மலாய்க்காரரும் இந்தியரும் உண்டு. கடலுக்கு அப்பால் வீட்டை விட்டுவந்து, வெடிமருந்துப் புகையிலும் கல்தூசியிலும் நாளைக் கழித்து, அலுப்பில் உறங்கியவர்கள் அவர்கள். கனவுக்கல்லை முதலில் கண்டெடுத்தவர் மன்னராகவோ மந்திரவாதியாகவோ இருக்க வேண்டாம். உளி பட்டுத் தெறித்த ஒரு துண்டை, காரணம் தெரியாமல் பிடித்துப்போய், தகரப் பெட்டியில் போட்டுவைத்த கல்லுடைப்பாளராக இருக்கட்டும்.

ஒரு நுணுக்கம்: பாறைக்குள் இருந்த கல் கோடிக்கணக்கான ஆண்டுகள் இருளில் இருந்ததால் அதன் குறைகளில் இனி இடமில்லை, அது தன் பழைய இருளாலேயே நிரம்பியிருக்கும். புதிய கனவு உள்ளே போக வேண்டுமானால் முதலில் வெயிலில் கிடந்து காலியாக வேண்டும். கல்லுடைப்பாளர் அதைத் திண்ணையில் சில நாள் மறந்து வைத்திருந்தார் என்ற ஒரு வரியைச் சேர்த்துவிட்டால் அறிவியல் தெரிந்தவரும் தலையசைப்பார்.

2025 மார்ச் 22

சிராங்கூன் சாலையில் ராசிக்கல் விற்கும் கடைகளைக் கதையில் கொண்டுவரலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். கட்டாயம் கொண்டுவாருங்கள், ஆனால் அங்கே கிடைப்பதாகக் காட்டாதீர்கள். தேக்கா பக்கம் போகும்போதெல்லாம் நான் அந்தக் கண்ணாடிப் பெட்டிகளின் முன் நிற்பதுண்டு. அவ்வளவு வெளிச்சத்தில் எந்தக் கல்லும் எதையும் தேக்கிவைக்க முடியாது.

அதைவிடப் பெரிய காரணம் சூடேற்றுவது. இலங்கையில் கிடைக்கும் கெவுடா என்ற பால்நிற நீலக்கல் வகையை 1,500 பாகை செல்சியசுக்கும் மேல் சூடேற்றினால் அது தெளிந்து நல்ல நீலமாகிறது. 1970-களிலிருந்து தாய்லாந்து வணிகர்கள் அதைப் பெருமளவில் செய்துவந்தார்கள். இன்று சந்தையில் உள்ள நீலக்கற்களிலும் மாணிக்கங்களிலும் பெரும்பகுதி சூடேற்றப்பட்டவை. அதில் ஏமாற்று எதுவும் இல்லை, சொல்லி விற்றால் அது ஏற்கப்பட்ட முறை. ஆனால் படிகக் குறைகளில் சிக்கிய எலெக்ட்ரான்களைக் காலி செய்ய 500 பாகையே போதும். சுட்ட மண்பாண்டத்தின் வயதைக் கணிக்க முடிவதும் இதனால்தான்: சூளையில் பழைய தேக்கமெல்லாம் அழிந்து, கணக்கு அன்றிலிருந்து புதிதாகத் தொடங்குகிறது.

உங்கள் கதையில் அந்தக் கல்லின் மதிப்பை அறியாத ஒருவர் அதை அழகாக்க எண்ணிச் சூளைக்கு அனுப்புகிறார் என்று வையுங்கள். திரும்பி வரும்போது அது தெளிந்து, ஒளிர்ந்து, விலை பலமடங்கு கூடி, உள்ளே எதுவும் இல்லாமல் இருக்கும். இந்தக் காட்சியை நீங்கள் எழுதாவிட்டால் நான் எழுதிவிடுவேன். அவ்வளவு ஆசையாக இருக்கிறது.

2025 மார்ச் 23

கனவைத் திருடுவதைப் பற்றி: திருட முடியும், மாற்ற முடியாது என்று வைத்துக்கொள்வோம். தேங்கியதைத் திருத்தும் வழி எந்தக் கல்லிலும் இல்லை. எடுக்கலாம், அழிக்கலாம், கசியவிடலாம். அவ்வளவே.

2025 மார்ச் 30

இழையைத் தொடங்கிய அன்பர், கதையின் முடிவில் கல்லைத் தேசிய அரும்பொருளகத்தில் வைக்கப்போவதாகவும், அங்கே உள்ள சிங்கப்பூர்க் கல்லோடு அதை இணைக்க விரும்புவதாகவும் எழுதியிருக்கிறார். அந்த ஆசை எனக்குப் புரிகிறது. சிங்கப்பூர் ஆற்று முகத்தில் ஆளுயரத்தையும் மிஞ்சி நின்ற அந்தப் பாறை 1843-இல் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டதும், எஞ்சிய துண்டில் உள்ள எழுத்தை இன்றுவரை யாரும் உறுதியாகப் படிக்க முடியாததும் எந்த எழுத்தாளரையும் இழுக்கும். ஆனால் அது மணற்பாறை, நம்முடைய கல் கருங்கல்லுக்குள் பிறந்தது. அது காற்றிலும் வெயிலிலும் நின்று, பின்னர் காட்சிக்கூட விளக்குகளுக்குக் கீழ் வந்து சேர்ந்தது. கனவுக்கல்லைக் காட்சிக்கு வைத்தால் முதல் நாளே அது வெறும் கல்லாகிவிடும். பார்வையாளர்கள் பார்க்கும் நேரமெல்லாம் அழிந்துகொண்டிருக்கும் ஒன்றை அரும்பொருள் என்று வைப்பது எனக்கு ஒப்பவில்லை.

நான் வேறொரு முடிவைச் சொல்கிறேன். ஃபெல்ட்ஸ்பாரைத் தேர்ந்தெடுத்ததற்கு மூன்றாவது காரணமும் இங்கேதான் இருக்கிறது. இந்த ஊரின் மழையும் வெப்பமும் கருங்கல்லை விடுவதில்லை. புக்கிட் தீமா கருங்கல்லின் மேல் பல இடங்களில் பத்து, இருபது, முப்பது மீட்டர் ஆழத்துக்கும் சிதைந்த மண் கிடக்கிறது. துளையிட்டு எடுத்த மாதிரிகளைப் பெட்டியில் வரிசையாக அடுக்கும்போது அதைக் கண்ணால் காணலாம். மேலே செம்மண்ணும் மஞ்சள் மண்ணும், அதன் கீழே கருங்கல்லின் அமைப்பு அப்படியே தெரிந்தும் விரலால் அழுத்தினால் உதிரும் பாறை, அதற்கும் கீழே சுத்தியல் பட்டால் கணீரென்று ஒலிக்கும் புதுக்கல். குவார்ட்ஸ் துகள்கள் கடைசி வரை மணலாக நிற்கின்றன. ஃபெல்ட்ஸ்பார் மட்டும் நீரோடு வினைபுரிந்து, தன் பொட்டாசியத்தை இழந்து, கயோலின் என்ற வெண்களிமண்ணாகிவிடுகிறது. புதுக்கல்லில் இளஞ்சிவப்பாகவும் வெள்ளையாகவும் பளிச்சென்று தெரிந்த அந்தப் படிகங்கள் களிமண்ணாக மாறி, ஆனால் தம் பழைய வடிவத்தை விடாமல் அதே இடத்தில் இருப்பதை நான் பலமுறை விரல் நுனியால் தொட்டுப் பார்த்திருக்கிறேன்.

கனவுக்கல்லும் அப்படியே போகட்டும். அதை அறிந்தவர் ஒருவர் அதைப் பார்க்காமல், விற்காமல், சூடேற்றாமல், புக்கிட் தீமா சரிவில் மண்ணுக்கு அடியில் புதைத்துவிடட்டும். ஃபெல்ட்ஸ்பார் முழுதாகக் களிமண்ணாக மனித ஆயுள்கள் பல ஆயிரம் வேண்டும், அதற்குள் எல்லாக் கனவும் கசிந்திருக்கும். ஆனால் யாரும் அதை ஒரே வெளிச்சத்தில் தீர்த்துவிட்டிருக்க மாட்டார்கள்.

உங்களுக்கு இந்த முடிவு பிடிக்காமல் போகலாம். அப்படியானால் ஒரு கேள்விக்கு மட்டும் விடை சொல்லிவிட்டு உங்கள் முடிவை எழுதுங்கள்: அந்தக் கல்லுடைப்பாளரின் தகரப் பெட்டியில் இருந்தபோது கல்லில் தேங்கிய முதல் கனவை யார் பார்த்தார்கள்? இதுவரை நீங்கள் அனுப்பிய மூன்று அத்தியாயங்களிலும் அதற்கு விடை இல்லை. அவர் எந்தக் கிராமத்திலிருந்து வந்தார், யாரை விட்டுவந்தார் என்பதும் இல்லை. நான்காவது அத்தியாயத்தை அங்கிருந்து தொடங்குங்கள்.